வராத மூன்றாவது குரல்

சிக்கந்தரைப் பற்றிச் சொல்வதென்றால் அவன் குரலிலிருந்துதான் தொடங்க வேண்டும். ஆளைப் பார்த்தால் ஒன்றும் தோன்றாது. நெட்டையான ஒல்லி உடம்பு, தலையில் சொங்கோக் என்கிற மலாய்க்காரத் தொப்பி, மார்பின் குறுக்கே கோர்ட்டு டவாலி, அதில் ஒருநாளும் விளக்கப்படாத பித்தளை வில்லை. வாயைத் திறந்தால் மட்டும் லைட் ஸ்ட்ரீட்டில் போகிற ரிக்‌ஷாக்காரன்கூடத் தன்னைத்தான் கூப்பிடுகிறார்களோ என்று நின்று திரும்பிப் பார்ப்பான். எங்கள் கோர்ட்டில் இருபத்தெட்டு வருடம் அவனுக்கு அதுதான் வேலை. வராந்தாவில் நின்று வழக்குக்காரர்களின் பெயரைக் கூப்பிடுவான்.

நான் அதே கோர்ட்டுக்கு எதிரே அங்சானா மரத்தடியில் ஒரு மேசையும் மைக்கூடும் வைத்துக்கொண்டு மனு எழுதிப் பிழைக்கிறவன். எல்லாருக்கும் ரைட்டர். என் மேசையிலிருந்து பார்த்தால் வராந்தாவும் அதில் நிற்கும் சிக்கந்தரும் நேராகத் தெரிவார்கள். சீனர் பெயர்களை அவன் படுத்துகிற பாட்டைப் பார்த்து நான் சிரிப்பேன். ஒரு பெயரைக் கூப்பிட்டால் மூன்று சீனர்கள் எழுந்து போவார்கள், யாரை அழைத்தான் என்பது உள்ளே போனபிறகுதான் தெரியும்.

ஒரு பெயரை மூன்று தடவை கூப்பிட வேண்டும் என்பது கோர்ட்டின் வழக்கம். மூன்றாவது தடவையும் பதில் இல்லாவிட்டால் சிக்கந்தர் உள்ளே போய், "ஆஜர் இல்லை, துவான்" என்று ஜட்ஜிடம் சொல்வான். ஜட்ஜு பேனாவை எடுத்து, வழக்குப் போட்டவர் வராததால் வழக்கு தள்ளுபடி என்று ஒரு வரி எழுதுவார். தீர்ந்தது. வராதவனுக்காகக் கோர்ட்டு எத்தனை நேரம்தான் காத்துக்கொண்டிருக்கும், வெள்ளைக்காரன் சட்டத்தைச் சரியாகத்தான் வைத்திருக்கிறான் என்று நானும் நியாயம் பேசியவன்தான். இப்போது பேசுவதில்லை.

சிக்கந்தரின் அத்தா நாகூரிலிருந்து கப்பலேறி வந்தவர், அம்மா இங்கே பிறந்தவள். பதினாறு வயதில் படகுத்துறையில் நின்று சம்பானுக்கு ஆள் கூப்பிடுவது அவன் முதல் வேலை. அலைச் சத்தத்தையும் கப்பல் சங்கையும் மீறி அந்தக் குரல் கரைக்கு வருவதைக் கேட்ட ஒரு வெள்ளைக்கார துரைதான் அவனைக் கோர்ட்டுக்குக் கொண்டுவந்தாராம். சிக்கந்தருக்கு அதில் பெருமை இருந்தது, ஆனால் ஆசை வேறிடத்தில் இருந்தது. பள்ளிவாசலில் ஒருநாளாவது வெள்ளிக்கிழமை ஜும்ஆவுக்குப் பாங்கு சொல்ல வேண்டும். அல்லா கொடுத்த குரலை இவன் வந்தானா அவன் வந்தானா என்று கத்துவதற்கே செலவழித்துவிட்டுப் போகக் கூடாதே என்று என்னிடம் அடிக்கடி சொல்வான். பள்ளிவாசலில் பாங்கு சொல்ல மோதினார் ஒருவர் இருந்தார். அவர் கெட்டியான ஆள், தடுமன்கூடப் பிடிக்காது.

நல்லம்மாள் என் மேசைக்கு வந்தது ஆயிரத்துத் தொள்ளாயிரத்து இருபத்தாறாம் வருடம். தொங்காங் என்கிற சரக்குப் படகில் மூட்டை இறக்கும் பிச்சைமுத்துவின் மனைவி. அவன் செத்து அப்போது மூன்று மாதம்கூட ஆகவில்லை. கிட்டங்கியில் சாக்குத் தைத்துக்கொண்டிருந்தாள். கருமாதிக்கென்று வந்த பிச்சைமுத்துவின் அண்ணன் அவளுடைய ஆறு வயது மகள் லெட்சுமியைக் கூட்டிப்போனவன், திருப்பி அனுப்பவில்லை. எங்கள் வீட்டுப் பிள்ளை, ஊருக்கு அனுப்பி வளர்க்கப்போகிறேன் என்றுவிட்டானாம். நாகப்பட்டினம் கப்பல் போவதற்குள் பிள்ளையைத் திரும்ப வாங்க வேண்டும். வக்கீல் வைக்க அவளால் ஆகாது. நான்தான் மனு எழுதினேன், நன்றாகவே எழுதினேன்.

எழுதும்போது அவள் பேரை இரண்டு தடவை சொல்லிக் கூப்பிட்டும் பேசாமல் உட்கார்ந்திருந்தாள். மூன்றாவது தடவைக்குத்தான் "என்னண்ணே" என்றாள். காது மந்தமோ என்று கேட்டேன். இல்லை என்று சொல்லி, காரணத்தையும் சொன்னாள். பிச்சைமுத்து ஒரு விடியற்காலை தொங்காங்கில் படுத்திருந்தபோது தண்ணீர்ப் பக்கமிருந்து யாரோ அவன் பேரைக் கூப்பிட்டிருக்கிறார்கள். ஒரே ஒரு தடவை. இவன் "இந்தா வரேன்" என்று எழுந்து போனான். உடம்புதான் கிடைத்தது. பேய்க்கு இரண்டு தடவைக்கு மேல் கூப்பிடத் தெரியாது, மூன்றாவது குரல் மனுசக் குரல் என்று அவர்கள் சந்தில் எல்லாரும் நம்புவார்கள். அன்றிலிருந்து அவள் எந்தக் குரலுக்கும் மூன்றாவது வராமல் வாய் திறப்பதில்லை, பிள்ளையையும் அப்படியே பழக்கியிருந்தாள். வாசலில் நின்று மூன்று தடவை கூப்பிடாமல் அந்த வீட்டுக் கதவு திறக்காது. நான் சிரித்துவிட்டு, கோர்ட்டும் மூன்று தடவைதான் கூப்பிடும், உனக்கு வசதிதான் என்றேன்.

வழக்கு ஒரு வெள்ளிக்கிழமை. அன்று வேறொரு பெரிய வழக்கின் கூட்டம் வராந்தா முழுக்க அடைத்துக்கொண்டிருந்ததால் நல்லம்மாள் என் மரத்தடியிலேயே உட்கார்ந்தாள். காலையிலேயே சிக்கந்தர் என்னிடம் ஓடிவந்து, மோதினாருக்குக் காய்ச்சல், இன்று ஜும்ஆவுக்குப் பாங்கு தன்னைச் சொல்லச் சொல்லியிருக்கிறார்கள் என்று சொன்னான். நாற்பது வயது ஆளின் முகம் அப்படி மலர்ந்து நான் பார்த்ததில்லை. கோர்ட்டு மத்தியான இடைவேளைக்கு எழுந்ததும் பிட் ஸ்ட்ரீட் பள்ளிவாசலுக்கு ஓடிப் போய்விட வேண்டும் என்றான்.

வழக்குகள் இழுத்தன. கடிகாரம் பன்னிரண்டைத் தாண்டிவிட்டது. இடைவேளைக்கு முன் கடைசி வழக்கு நல்லம்மாளுடையது. சிக்கந்தர் வராந்தாவுக்கு வந்து, "பிச்சைமுத்து பெண்சாதி நல்லம்மாள்" என்றான். இன்னொரு தடவை அதையே சொன்னான். பிறகு உள்ளே போய்விட்டான். ஜட்ஜும் சாப்பாட்டுக்கு எழுகிற அவசரத்தில் இருந்தாராம், பேனா ஒரு வரி எழுதியது. இரண்டு நிமிடத்தில் டவாலியைக் கழற்றிக் கையில் சுருட்டிக்கொண்டு சிக்கந்தர் தெருவில் ஓடுவதைப் பார்த்தேன்.

நல்லம்மாள் எழுந்திருக்கவில்லை. இடது கையை மடியில் வைத்து, சுண்டு விரலையும் அடுத்த விரலையும் மடக்கியிருந்தாள். நடுவிரல் நீட்டியபடியே இருந்தது. ஜட்ஜு சாப்பிட்டுத் திரும்பி வந்து, சாயங்காலம் கோர்ட்டுக் கதவைச் சாத்துகிறவரை அந்த விரல் அப்படியே இருந்தது.

பள்ளிவாசலில் சிக்கந்தரின் பாங்கு கேட்டுக் கடைத்தெருவில் கணக்குப்பிள்ளைகள் எழுந்து நின்றார்கள் என்று அன்று சாயங்காலமே ஊரில் பேச்சு. பெரியவர்கள் அவன் கையைப் பிடித்துக் கண்ணில் ஒற்றிக்கொண்டார்களாம். மறுநாள்தான் அவனுக்கு விஷயம் தெரிந்தது.

தள்ளுபடியான வழக்கைத் திரும்ப எடுக்கச் சொல்லி நான் இன்னொரு மனு எழுதிக் கொடுத்தேன். அடுத்த வாரமே விசாரித்தார்கள். நல்லம்மாளுக்குப் பொய் சொல்லத் தெரியவில்லை. இரண்டு தடவை கூப்பிட்டது காதில் விழுந்ததா என்று கேட்டதற்கு விழுந்தது என்றாள். பிறகு ஏன் வரவில்லை என்றதற்கு, "ரெண்டுதான் கூப்பிட்டாங்க தொரை. மூணாவது வரல்லை" என்றாள். மொழிபெயர்த்தவர் அதைச் சொன்னதும் உள்ளே சிரிப்பு. ஜட்ஜு சிரிக்காமல் சிக்கந்தரைப் பார்த்து எத்தனை தடவை கூப்பிட்டாய் என்று மட்டும் கேட்டார். வேதத்தைத் தொட்டுச் சொல்லச் சொல்லவில்லை, சொல்லியிருந்தால் நாக்குப் புரண்டிருக்காது என்று சிக்கந்தர் பின்னால் எத்தனையோ முறை என்னிடம் அழுதிருக்கிறான். வேலை, வீட்டில் நான்கு வயிறு, எதிரே வெள்ளைக்கார முகம். மூன்று என்று சொல்லிவிட்டான். அந்த மனுவும் தள்ளுபடி.

முதல் தள்ளுபடிக்கு ஒன்பதாம் நாள் லெட்சுமியை ஏற்றிக்கொண்டு நாகப்பட்டினம் கப்பல் புறப்பட்டது. நல்லம்மாள் துறைமுகத்துக்குப் போனாளா என்று நான் கேட்கவில்லை. கேட்கிற தைரியம் எனக்கு இல்லை.

அந்த விசாரணைக்கு அடுத்து வந்த வெள்ளிக்கிழமை மோதினார் இன்னும் படுத்திருந்ததால் சிக்கந்தரையே திரும்பக் கூப்பிட்டார்கள். ஏறி நின்று தொடங்கியவன் பாதியில் இறங்கிவிட்டான், மீதியை வேறொருவர் சொல்லி முடித்தார். என்னடா ஆயிற்று என்று கேட்டேன். "பாங்குல அனேகத்தையும் ரெண்டு ரெண்டு தடவ சொல்லணும் ரைட்டர். ரெண்டாவது சொன்னதும் தொண்டை நின்னு போவுது. மூணாவது எங்கேன்னு யாரோ பக்கத்துல நின்னு கேக்குற மாதிரி இருக்கு" என்றான். அதன் பிறகு அவன் பாங்கு சொல்லவே இல்லை. அந்த ஆசையைப் பற்றிப் பேசவும் இல்லை.

அவன் மனைவி நூர்ஜான் என்னிடம் வந்து முறையிட்டாள். மத்தியான வேளையில் சும்மா உட்கார்ந்திருக்கிறவர் திடுக்கிட்டுத் தலையைத் தூக்கி, நீயா கூப்பிட்டே என்று கேட்கிறாராம். இல்லை என்றால், இரண்டு தடவை கேட்டதே என்பாராம். சோற்றைப் பிசைந்த கையோடு வாசலைப் பார்த்து மூன்றாவதுக்காகக் காத்திருப்பாராம், சோறு காய்ந்துவிடுமாம். நாகூரிலிருந்து தாயத்து வரவழைத்துக் கட்டினாள். தாயத்து கறுத்ததுதான் மிச்சம்.

கோர்ட்டில் அவன் எல்லாரையும் நான்கு தடவை, ஐந்து தடவை கூப்பிட ஆரம்பித்தான். வராந்தாவில் கூப்பிட்டு, படியிறங்கி வந்து கூப்பிட்டு, தெருவரை எட்டிப் பார்த்துக் கூப்பிடுவான். ஏலம் போடுகிறாயா என்று தலைமைக் கிளார்க் திட்டுவார். அவனாலே பிழைத்த வழக்குகள் எத்தனையோ. தேநீர் குடிக்கப் போனவன், மூத்திரம் போகப் போனவன், மரத்தடியில் தூங்கிப் போனவன் என்று பலரை அவன் குரல் இழுத்துவந்து உள்ளே தள்ளியது. ஊரில் நல்ல மனுசன் என்று பெயர் வாங்கினான். அந்தப் பெயர் காதில் விழும்போதெல்லாம் முகத்தைத் திருப்பிக்கொள்வான்.

ஏனென்றால் நல்லம்மாள் வந்துகொண்டுதான் இருந்தாள். வாரத்தில் ஆறு நாள் கிட்டங்கியில் சாக்குத் தைப்பாள். வெள்ளிக்கிழமை மத்தியானம் மட்டும் வந்து, அதே மரத்தடியில், அதே வேரில் உட்கார்ந்து, இரண்டு விரலை மடக்கிக்கொள்வாள். யாரிடமும் பேச மாட்டாள், எதுவும் கேட்க மாட்டாள். புதிதாக வேலைக்கு வந்த பியூன்கள் அவளை வெள்ளிக்கிழமைப் பேய் என்றார்கள். மாத்தா-மாத்தா என்கிற போலீஸ்காரர்கள் இரண்டு பேர் வந்து விரட்டிப் பார்த்தார்கள். மரத்தடியில் உட்காரக் கூடாதென்று எந்தச் சட்டத்தில் இருக்கிறது? அவள் உட்கார்ந்திருந்த எட்டு வருடமும் வெள்ளிக்கிழமைகளில் சிக்கந்தர் மரத்தின் பக்கம் பார்க்காமல், தூணைப் பார்த்தே பெயர் கூப்பிட்டான். எனக்கு அந்த வசதியும் இல்லை. என் மேசைக்கு நான்கு முழத்தில் அவள்.

நாலாம் வருடம் பிச்சைமுத்துவின் ஊர்ப் பக்கத்திலிருந்து துறைமுக வேலைக்கு ஒருவன் வந்தான். அவன் சொன்ன செய்தியை நல்லம்மாள் என் மேசை முன் நின்று சொன்னாள், கண்ணில் ஒரு சொட்டு இல்லை. பிச்சைமுத்துவின் அண்ணன் கோர்ட்டு உத்தரவின் நகலைப் பெட்டியில் வைத்திருக்கிறான். லெட்சுமி அம்மா வேண்டுமென்று அழும்போதெல்லாம் அதை எடுத்துக் காட்டுவான். உன் அம்மாவைக் கோர்ட்டு மூன்று தடவை கூப்பிட்டது, அவள் வரவில்லை, வேண்டாமென்றுதான் விட்டுவிட்டாள், இதோ துரை கையெழுத்து என்பான். இப்போது யாராவது கேட்டால் பிள்ளையே அப்படித்தான் சொல்கிறதாம். மூன்று தடவை கூப்பிட்டும் எங்கம்மா வரவில்லை என்று.

இதை நான் சிக்கந்தரிடம் சொல்லியிருக்கக் கூடாது. சொன்னேன். அவன் எழுந்து போனான், மூன்று நாள் வேலைக்கு வரவில்லை.

முப்பத்து நாலில் அவன் தொண்டை கம்மியது. வெற்றிலையால் இருக்கும் என்றோம். பெரிய ஆஸ்பத்திரியில் உள்ளே கட்டி என்றார்கள், சில வாரத்தில் குரல் அடியோடு போய்விடும் என்றும் சொல்லிவிட்டார்கள். கோர்ட்டில் மாதக் கடைசியோடு ஓய்வு என்று எழுதிக் கொடுத்தார்கள். கடைசி வெள்ளிக்கிழமை காலை என் மேசைக்கு வந்து நின்றான். பேசுவது கிழிந்த சாக்கில் தவிடு கொட்டுகிற மாதிரி இருந்தது.

"இன்னைக்கு கூப்பிடப் போறேன் ரைட்டர். இது போறதுக்குள்ள கூப்பிடணும்லா."

பென்ஷனுக்கு வேட்டு வைத்துக்கொள்ளாதே, எட்டு வருடத்துக்கு முன் செத்த வழக்கு அது என்றேன். செத்தது வழக்குத்தான், அவள் இல்லை என்றான்.

மத்தியானம் எல்லா வழக்கும் முடிந்து ஜட்ஜு எழுந்து போனபின் சிக்கந்தர் வராந்தாவில் தனியாக வந்து நின்றான். டவாலியைச் சரிசெய்துகொண்டான். எட்டு வருடத்தில் முதல் தடவையாக வெள்ளிக்கிழமையில் மரத்தடியை நேராகப் பார்த்தான். ஒரே ஒரு தடவைதான் கூப்பிட்டான்.

"பிச்சைமுத்து பெண்சாதி நல்லம்மாள்."

குரல் நடுவில் உடைந்தது, ஆனால் வந்து சேர்ந்தது. நல்லம்மாள் தன் இடது கையைப் பார்த்தாள். நடுவிரலை மடக்கினாள். எழுந்து சேலையில் ஒட்டியிருந்த மண்ணைத் தட்டிவிட்டு, கூட்டமில்லாத வராந்தாப் படிகளில் ஏறிப் போனாள். நானும் பேனாவைப் போட்டுவிட்டுப் பின்னால் ஓடினேன். காலியான கோர்ட்டு அறையைப் பார்த்து, கையைக் கட்டிக்கொண்டு, "ஆஜர், தொரை" என்றாள்.

சிக்கந்தர் சுவரைப் பிடித்துக்கொண்டான். "தங்கச்சி, அன்னைக்கு நான் ரெண்டு தடவதான் கூப்பிட்டேன். மூணுன்னு சொன்னது பொய்."

"தெரியும்ணே" என்றாள் அவள். "எண்ணிக்கிட்டுத்தானே இருந்தேன். உங்க வாயால ஒரு நாளு வரும்னுதான் உக்காந்திருந்தேன்."

தலைமைக் கிளார்க் சத்தம் கேட்டு வந்தார். மோசமான ஆளில்லை, பழைய பதிவை எடுத்தும் பார்த்தார். மூன்று முறை அழைத்தும் ஆஜராகாததால் தள்ளுபடி என்று சுத்தமாக எழுதியிருந்தது. மேலதிகாரிகள் மாறிவிட்டார்கள், பிள்ளை கடல் தாண்டிப் போய்விட்டது, இனி எதைத் திறப்பது என்று கையை விரித்தார். நீ சொன்னது எதுவும் என் காதில் விழவில்லை என்று சிக்கந்தரிடம் சொல்லிவிட்டுப் போனார். அவர் செய்த உபகாரம் அதுதான், பென்ஷன் தப்பியது.

நல்லம்மாளுக்குக் கோர்ட்டிடம் வேலை இருக்கவில்லை. சிக்கந்தரையும் அழைத்துக்கொண்டு என் மேசைக்கு வந்தாள். "இவுங்க சொன்னத என் மவளுக்கு எழுதுங்க ரைட்டரண்ணே" என்றாள். சிக்கந்தர் சொல்லச் சொல்ல எழுதினேன். உன் அம்மா வந்திருந்தாள், மரத்தடியில் இருந்தாள், இரண்டு தடவைதான் கூப்பிட்டேன், உன்னை வேண்டாமென்று விடவில்லை, பொய் சொன்னவன் நான் என்று எழுதி அவன் கையெழுத்துப் போட்டான். துறைமுகத்து ஆளிடம் விலாசம் வாங்கி அனுப்பினோம். பதில் இல்லை. ஐந்து மாதம் கழித்து இரண்டாவது கடிதம் போட்டோம். அப்போது சிக்கந்தருக்குப் பேச்சே நின்றுவிட்டது, உதட்டைப் பார்த்து எழுதினேன். அதற்கும் பதில் இல்லை. நோன்பு மாதத்தில் சிக்கந்தர் போய்ச் சேர்ந்தான். கடைசி வாரத்தில் வாசலைப் பார்த்துத் திடுக்கிடுவது நின்றுவிட்டதென்று நூர்ஜான் சொன்னாள்.

போன வெள்ளிக்கிழமை நல்லம்மாள் மூன்றாவது கடிதம் எழுத வந்தாள். சொல்ல சிக்கந்தர் இல்லை. என் கை காகிதத்தின் மேல் நின்றுவிட்டது.

இதுவரை சிக்கந்தரின் கதையாகவே சொல்லிவந்தேன். எழுதுகிறவனுக்கு அது ஒரு சௌகரியம். அன்று இரண்டாவது குரல் ஓய்ந்து சிக்கந்தர் உள்ளே போனதும் நல்லம்மாள் என்னைப் பார்த்து, மூணாவது கூப்பிட்டாங்களா அண்ணே என்று கேட்டாள். நான் ஒரு கடைக்காரனின் மனுவில் குனிந்திருந்தேன். நிமிராமலே, இரு, கூப்பிடுவாங்க என்றேன். நானும் இரண்டுதான் எண்ணியிருந்தேன். இரண்டாவது மனு விசாரணையின்போது கிளார்க் வெளியே வந்து, உன் காதில் எத்தனை விழுந்தது ரைட்டர் என்று கேட்டார். அந்த மரத்தடியில் மேசை போட அனுமதித்தவரே அவர்தான். வேலையில் இருந்தேன், கவனிக்கவில்லை என்று சொல்லிவிட்டேன். சிக்கந்தருக்கு இது தெரியாது. சாகும்வரை அவன் தனியாகவே சுமந்தான், அவன் பக்கத்தில் உட்கார்ந்து நான் ஆறுதல் சொல்லிக்கொண்டிருந்தேன்.

இதையெல்லாம் நல்லம்மாளிடம் சொன்னேன். அவள் திட்டவில்லை, ஆச்சரியப்படவும் இல்லை. காகிதத்தை என் பக்கம் தள்ளிவைத்தாள்.

"எழுதுங்கண்ணே. ரெண்டு தடவதானே கூப்பிட்டிருக்கோம். எம் மவ மூணாவதுக்குத்தான் எந்திரிப்பா."

நாளைக் கப்பலில் மூன்றாவது கடிதம் போகிறது. அதன் கீழே என் பெயரை முழுதாக எழுதியிருக்கிறேன்.